பாதியில் நின்ற பேச்சு

பரசுராமன் எழுந்தான், பல் துலக்கினான், மூடி தொலைந்த காபி ஃபில்டரைக் கிண்ணத்தால் மூடினான். பிறகு, இறந்துபோன மனைவி தேவகியின் கல்யாணப் பட்டுப் புடவையை எடுத்துக்கொண்டு கிளம்பினான்.

காஞ்சிபுரத்தில் செத்தவர் நிழலை எழுப்புவது குற்றம், பிடித்தால் ஜெயில்.

"எழுப்பினா உன் நிழல் போயிடும்பா. அந்தம்மா ஒரே ஒரு பேச்சுதான் பேசுவாங்க. தேவையா?" என்றார் மந்திரவாதி குப்புசாமி.

"சாகும்போது 'என்னாங்க, அந்த...'ன்னு ஆரம்பிச்சா. முடிக்கல. ஆறு மாசமா தூக்கமே இல்ல."

குப்புசாமி புடவையை வெயிலில் விரித்து முணுமுணுத்தார். பரசுராமனின் நிழல் காலை விட்டுக் கழன்று சுவரேறி, தேவகியாக இடுப்பில் கைவைத்து நின்றது.

"என்ன சொல்ல வந்தே, தேவகி?" என்று கேட்டான் பரசுராமன்.

"என்னாங்க, அந்த ஃபில்டர் மூடி அரிசிப் பானைக்குள்ள கெடக்குது, எடுத்துக்கோங்க."