காளவாய் பேண்டுக்கு ஆள் வேணும்

"ரெண்டே ரெண்டு பேரு போதும்டா. நாலு மணிக்குள்ள அரியலூர் வரலன்னா எல்லாம் முடிஞ்சிரும்டா." போன்ல கெஞ்சிக்கிட்டே பெரம்பலூர் ஸ்டாண்டுல பஸ் ஏறி ஒக்காந்தான் மணிமாறன். சட்டையெல்லாம் வேர்வ.

முன்சீட்டு அக்கா திரும்பிப் பாத்தாங்க. "எந்த ஆஸ்பத்திரி தம்பி? எம் மவன் ஓ பாசிட்டிவ்தான், வரச் சொல்லவா?"

"ரத்தம் இல்லக்கா. ட்ரம்ஸ் அடிக்க ஆளு."

மணிமாறன் ஆரம்பிச்ச ராக் பேண்டு அது, பேரு காளவாய். கிட்டாரோட பறை, கல்லு ஒடைக்கிற மிஷின், கரும்பு லாரி ஹாரன்னு கண்டதயும் சேத்து ஏழு வருசமா புதுசு புதுசா பண்ணிப் பாத்துக்கிட்டு இருக்கான். இன்னிக்கி அரியலூர் மண்டபத்துல செலக்‌ஷன், ஜெயிச்சா திருச்சியில பெரிய மேடை.

கொறஞ்சது மூணு பேரு இருந்தாத்தான் மேடையே ஏத்துவாங்க. தோத்தா திங்கக்கெழம சவுதி ஃப்ளைட்டு, அவங்கப்பா டிக்கெட்டே போட்டுட்டாரு.

"இப்ப உங்க பேண்டுல எத்தன பேரு?"

"நான் மட்டுந்தான்க்கா. பதினோரு பேரு வந்தாங்க, போயிட்டாங்க. எவனுக்கும் வெறி பத்தலக்கா."

வந்தது போனது எல்லாமே வாட்ஸாப் குரூப்லதான், அட்மின் மணிமாறன் ஒருத்தன்தான். பாடுற ஜோதி பத்து நிமிசம் லேட்டா வந்துச்சு, குரூப்ப வுட்டுத் தூக்குனான். ட்ரம்ஸ் செல்லதுரை "ஜனங்க முணுமுணுக்குற மாரி ஒரு பாட்டாச்சும் போடலாம்ண்ணே"ன்னான், தூக்குனான். பறை தமிழ்மாறன் "கிட்டார கொஞ்சம் கொறச்சீங்கன்னா பறை கேக்கும்ண்ணே"ன்னான், அவனயும் தூக்குனான். இப்ப அந்தக் குரூப்ல அவன் போடுற மெசேஜ அவனேதான் படிச்சுக்கிறான்.

"நீங்க எது வரைக்கும்க்கா?"

"மெட்ராசுக்கு தம்பி. அரியலூர் போயித்தான் ரயிலு ஏறணும். நம்ம பெரம்பலூர் பக்கம் தண்டவாளத்தயே கண்ணால பாக்க முடியாதே."

மணிமாறன் செல்லதுரைக்குப் போன் போட்டான்.

"அண்ணே, நம்மூரு எறையூர் சக்கர மில்லுல நிக்கிறேன்ண்ணே. அரவ சீசனு, சிப்ட்ட வுட்டு நவுர முடியாது."

"லீவு சொல்லுடா. கால்ல வேணாலும் வுழுறேன்டா."

அந்தப் பக்கம் ரயிலு நீளமா ஊதுனதுல செல்லதுரை என்ன சொன்னான்னே கேக்கல. லைன் கட்டாயிருச்சு. திரும்பப் போட்டா எடுக்கல.

அடுத்தது ஜோதி. "குடும்பத்தோட ஏலாக்குறிச்சி மாதா கோயிலுக்கு வந்துருக்கோம்ண்ணே, வேண்டுதலு."

"எனக்கும் சேத்து வேண்டிக்கிட்டு அப்புடியே பஸ்ஸப் புடிம்மா. பழசெல்லாம் மனசுல வச்சிக்காத."

"கூட்டமா இருக்குண்ணே, அப்பறம் பேசுறேன்."

தமிழ்மாறன் குசுகுசுன்னு பேசுனான். "பூலாம்பாடில பொண்ணு பாக்க வந்துருக்கேன்ண்ணே. கையில காபி டம்ளரு இருக்கு."

"அந்தப் பொண்ணுட்ட போனக் குடு, நான் கேக்குறேன்."

"போன் எடுத்ததுக்கே மாமா மொறைக்கிறாரு, நீங்க வேற."

டிக்கெட் போட வந்த கண்டக்டர்ட்ட கூட கேட்டுட்டான். "அண்ணே, உங்களுக்குத் தாளம் வருமா?"

"விசிலு வரும். எங்க எறங்கணும்?"

மண்டபத்துக்குப் போறப்ப மூணே முக்கால். வாசல்ல ஒரு பொண்ணு நோட்டுல பேரு எழுதிக்கிட்டு இருந்துச்சு. மணிமாறன் வாய்க்கு வந்த பொய்ய அவுத்து வுட்டான். "காளவாய் பேண்டும்மா. ஆளுங்க வந்துக்கிட்டே இருக்காங்க, எங்கள மட்டும் கடைசியாப் போட்டுருங்க."

அந்தப் பொண்ணு நோட்டப் பாத்துச்சு. "காளவாயா? அவங்க மத்தியானமே வந்துட்டாங்களே சார். அடுத்து அவங்கதான், மேடைக்குப் பின்னாடி நிக்கிறாங்க."

மணிமாறனுக்கு பொசுக்குன்னு கண்ணு கலங்கிருச்சு. பயலுவ பொய் சொல்லி வெளயாடிருக்கானுவ. கிட்டாரு முதுவுல இடிக்க இடிக்க ஓடுனான்.

பின்னாடி செல்லதுரை குச்சியோட நிக்கிறான். ஜோதி சுடுதண்ணி குடிச்சுக்கிட்டு இருக்கு. தமிழ்மாறன் வைக்கோலக் கொளுத்திப் பறையக் காய்ச்சிக்கிட்டு இருக்கான். பழைய மூஞ்சி எல்லாம் சுத்தி நிக்கிது.

"டேய், மில்லு சிப்ட்டாடா ஒனக்கு?" செல்லதுரையக் கட்டிப் புடிச்சுக்கிட்டான் மணிமாறன். "சத்தியமாச் சொல்றேன்டா, இனிமே எவனயும் குரூப்ப வுட்டுத் தூக்க மாட்டேன்."

மணிமாறன் கிட்டார உருவுனான். அப்பத்தான் பாத்தான், ஜோதிக்குப் பக்கத்துல ஒரு பொண்ணு ஏற்கெனவே கிட்டார மாட்டிக்கிட்டு சுருதி சேத்துக்கிட்டு இருந்துச்சு.

"இது யாரு?"

"லீலாவதிண்ணே. உங்க எடத்துக்கு வந்துருக்கு." ஜோதி தரையப் பாத்துக்கிட்டே சொல்லுச்சு. "நீங்க ஒவ்வொருத்தராத் தூக்கத் தூக்க, நாங்க வேற ஒரு குரூப்புல சேந்துக்கிட்டே இருந்தோம். ஒரு ஞாயித்துக்கெழம கூட பிராக்டிஸ வுடலண்ணே."

"பேரு என்னுதுடி." மணிமாறன் ஜோதிக்கு முன்னாடி போயி நின்னான். "காளவாய்ங்கிறது நான் ஆரம்பிச்சதுடி."

மேடையில மைக்குல பேரக் கூப்புட்டாங்க. எல்லாரும் வரிசையா அவனத் தாண்டிப் படியேறுனாங்க. செல்லதுரை மட்டும் ஒரு நிமிசம் நின்னு, அவன் தோள்ல கைய வச்சான்.

"காளவாய வுட்டு இதுவரைக்கும் போனது நீங்க ஒருத்தருதான்ண்ணே."