மடியிலிருந்த மூன்று ஃபியூஸ்

"நானே வந்து கேட்டாத்தான் குடுக்கணும்க்கா," என்று ஏ.சி. மெக்கானிக் சேக் மைதீன் கைக்குட்டை முடிச்சைத் தியேட்டர் டிக்கெட் கவுண்டருக்குள் நீட்டினான்.

எப்போதும் சொல்வதுதான். கவுண்டரில் உட்கார்ந்திருந்த ரோசரியும் எப்போதும்போல் வாங்கி மடியில் வைத்துக்கொண்டாள்.

முடிச்சுக்குள் மூன்று ஃபியூஸ். வெள்ளைப் பீங்கான். அவை மின்சாரப் பலகையில் இல்லாதவரை ஏ.சி. ரூமில் இருக்கும் அந்த ஆள் உயர ஃபேன் சுற்றாது. அது சுற்றாதவரைதான் அதன் வாயை ஒட்டிய, காற்று போகும் தகர டக்டுக்குள் ஒரு மனிதன் ஊர்ந்து போகலாம்.

காலையிலிருந்தே அவன் பால்கனியில் இருந்தான். போன படத்தின் ரோஸ் நோட்டீஸை ரோசரி நாடா நாடாவாகக் கிழித்துக் கொடுக்க, காற்று வரும் ஒவ்வொரு கம்பி வலையிலும் ஒன்று கட்டினான். ஃபேனைப் போட்டதும் வலது பக்கத்து நாடாக்கள் எழுந்து பறந்தன. இடது பக்கத்தில் ஒன்றுகூட அசையவில்லை.

பிறகு இரண்டு தெர்மாமீட்டர் பொருத்திய ஒரு மட்டையை எடுத்தான். ஒன்றின் நுனியில் ஈரத்துணி சுற்றி, தலைக்கு மேல் கிறுகிறுவென்று சுழற்றினான்.

"சமயபுரத்துக் கிலுகிலுப்பை ஆட்டம் ஆட்டுறீங்களே பாய், யாரைத் தூங்க வைக்க?" என்றான் கூட்டிக்கொண்டிருந்த வீரமலை.

"புழுக்கத்தை வீரமலை. மனுசன் மறைச்சாலும் இது காத்துல எவ்வளவு ஈரம்னு சொல்லிரும்."

ரோசரிக்கு அவனிடம் பிடித்ததே அதுதான். கையை நீட்டிப் பார்த்து 'வருதே' என்று சொல்லிவிட்டுப் போகிற ஆள் இல்லை அவன். கண்ணுக்குத் தெரியாத ஒன்றைக் கண்ணால் பார்க்கும்வரை விடமாட்டான்.

உள்ளே ஒரு தகடு நழுவி இடது வழியை அடைத்திருக்க வேண்டும் என்று தீர்மானித்துவிட்டுத்தான் ஃபியூஸைக் கழற்றினான்.

மாட்டினிக்கு வரிசை நீண்டது. ஒன்றாம் நம்பர் பஸ்ஸில் ஸ்ரீரங்கத்திலிருந்து வந்திறங்கிய பெண்கள் தலைப்பால் விசிறிக்கொண்டார்கள். "ஏ.சி. உண்டாம்மா? இல்லைன்னா இப்பவே சொல்லிடு, ஆத்துலயே வேர்த்துண்டு கெடக்கோம்," என்றாள் ஒரு மாமி.

மேனேஜர் ரெங்கராஜ் வேகமாக வந்தார். முசிறிப் பக்கத்துக் கீற்றுக் கொட்டகையிலிருந்து இங்கே வந்து ஒரு மாதம்தான் ஆகிறது அவருக்கு.

"ரோசரிம்மா, பாய் வெளிய வந்தாச்சு. ஃபியூஸைக் குடுங்க, நானே போட்டுடறேன்."

"அவரே வந்து கேட்கட்டும் சார்."

"டீ குடிக்கப் போயிருப்பாரும்மா. ஏணிக்குக் கீழ செருப்பு இல்ல. இப்பத்தான் பார்த்துட்டு வரேன்."

"வரட்டும் சார்."

"என்னம்மா இது, அம்மா வீட்டுச் சீரா? மடியில வச்சுப் பொத்திக்கிட்டு! ஜனம் வேர்த்துக் கொட்டுது பாருங்க."

ரோசரி அவர் முகத்தைப் பார்த்தாள். அதில் பொய்யே இல்லை. அதனால்தான் அவள் கை முடிச்சைப் பற்றிக்கொண்டது.

பொய் சொல்கிறவரை மறுத்துவிடலாம். இவர் கண்ணால் கண்டதைச் சொல்கிறார். வெயிலில் நிற்கிற ஜனங்களுக்காக அவசரப்படுகிறார். இப்படிப்பட்ட நல்ல முகத்தின் எதிரே கையை மூடிக்கொண்டு உட்கார்ந்திருப்பது எவ்வளவு கஷ்டம் என்று அவளுக்கு அப்போதுதான் தெரிந்தது.

முழங்கால்களை இறுக்கிக்கொண்டாள். பீங்கான் தொடையில் அழுந்தியது.

"முதலாளிகிட்ட சொல்ல வேண்டி வரும்."

"சொல்லுங்க சார்."

"ஆளையே கூட்டிட்டு வந்து நிறுத்தறேன்," என்று அவர் டீக்கடைப் பக்கம் போனார்.

அவள் டிக்கெட் கிழித்தாள். சில்லறை கொடுத்தாள். ஒரு கை மடியை விட்டு நகரவில்லை.

ரெங்கராஜ் திரும்பியது டீக்கடை வழியாக அல்ல, ஏ.சி. ரூம் வழியாக. கவுண்டருக்குள் வந்து பானையில் தண்ணீர் மொண்டார்.

"கூப்பிட்டுப் பார்த்தேன்," என்றார். "உள்ளேருந்து தகரத்தைத் தட்டறாரும்மா."

வெகுநேரம் கழித்து சேக் மைதீன் வந்தான். புருவமெல்லாம் தூசி. வெறுங்கால்.

"செருப்பைக் காணோமே?"

"கூட்டுறப்ப ஜன்னல்ல எடுத்து வச்சேன் பாய்," என்றான் வீரமலை.

ரெங்கராஜ் தன் கையையே பார்த்துக்கொண்டு நின்றார்.

"குடுங்கக்கா."

ரோசரி முடிச்சை அவிழ்த்து, ஒவ்வொன்றாக அவன் உள்ளங்கையில் வைத்தாள்.

படம் தொடங்கிய பின் கவுண்டரை அடைத்துவிட்டு பால்கனிக்குப் போனாள். திரை வெளிச்சத்தில் இரண்டு பக்கமும் ரோஸ் நாடாக்கள் படபடத்தன. அந்த மாமி தலைப்பை இழுத்துப் போர்த்திக்கொண்டிருந்தாள்.

ரோசரி இடது பக்கத்து நாடா ஒன்றின் கீழே போய் நின்றாள். காற்று நெற்றியில் வந்து விழுந்தது.

சேக் மைதீனுக்கு முன்னால் இங்கே மெக்கானிக்காக இருந்தவன் சவரிநாதன். அவன் டக்டுக்குள் போன அன்று இந்த மூன்று ஃபியூஸும் பலகையிலேயே இருந்தன. வெளியே வந்துவிட்டான் என்று நினைத்துத்தான் யாரோ ஸ்விட்சைப் போட்டார்கள். காரியமெல்லாம் முடிந்த பிறகு, முதலாளி அவன் மனைவியைக் கூப்பிட்டு டிக்கெட் கவுண்டரில் உட்கார வைத்தார்.

வேலைக்குச் சேர்ந்த அன்று சேக் மைதீன் அத்தனையையும் விசாரித்துத் தெரிந்துகொண்டான். பிறகு மூன்று ஃபியூஸையும் கழற்றிக் கைக்குட்டையில் முடிந்துகொண்டு, நேராக அந்தக் கவுண்டருக்கு வந்தான்.