ஒரு கறுப்புக்கொட்டை

"அந்த அம்ப்ருஷ் இன்னைக்கும் என் பிரசங்கத்துல கொட்டாவி விட்டாரு, பார்த்தியா?"

கெதெயோன் குரலைத் தாழ்த்தித்தான் சொன்னார். உட்கார்ந்திருந்தது சபை மூப்பரான அதே அம்ப்ருஷின் அடுப்படியில் ஆயிற்றே.

"பார்த்தேன். அதுக்கு என்ன இப்போ?" என்றாள் அவர் மனைவி லீதியா. "கசகசா ரொட்டி ஒரு துண்டு தின்னுங்க. காலையிலேருந்து பட்டினி."

"அன்னைக்கும் இப்படித்தான் வாயைப் பிளந்தாரு. அப்புறம் கறுப்பைப் போட்டாரு."

எதிரே கோவிலுக்குள் சபையார் ஓட்டுப் போட்டுக்கொண்டிருந்தார்கள். புதுப் போதகர் வேண்டுமென்றால், விண்ணப்பித்தவர் முதலில் ஒரு பிரசங்கம் செய்து காட்ட வேண்டும். பிறகு அவரை மூப்பர் வீட்டில் உட்கார்த்திவிட்டு, சபையார் ஒவ்வொருவராக மண்பானைக்குள் கைவிட்டு ஓர் அவரைக்கொட்டை போடுவார்கள். பிடித்திருந்தால் வெள்ளை, பிடிக்காவிட்டால் கறுப்பு. ஊரின் பெயரைக் கல்வாரியூர் என்று நம் வாயில் நுழையும்படி சொல்லிக்கொள்ளலாம். அந்த ஹங்கேரியக் கிராமத்துக்காரர்களுக்கு வேறு எந்த முறையிலும் நம்பிக்கை கிடையாது.

நாற்பது வருஷத்துக்கு முன் இதே பானையில், ஒரே ஒரு கறுப்புக்கொட்டை கூடுதலாக விழுந்ததால் கெதெயோன் தோற்றுப்போனார். இளம் போதகர், முதல் சபை, முதல் அடி. அழுதுகொண்டே ரயிலேறியவர் சுரங்கக்காரர்கள் ஊரில் சபை நடத்தி, இடிந்த கோவிலை எழுப்பி, வட்டாரத் தலைவராகி, கடைசியில் பேராயராகவே ஆகிவிட்டார். இப்போது ஓய்வு. ஓய்வில் எல்லோரும் தேனீ வளர்ப்பார்கள், இவர் இந்தக் குக்கிராமத்துக்கே போதகராக விண்ணப்பித்தார். பேராயர் பதவி எல்லாம் கிடைத்தும் அந்த ஒரு கொட்டை இன்னும் தொண்டையில் நின்றது.

"இது ஊரா இது? வீம்புக்குன்னே சட்டம் போட்டு வச்சிருக்காங்க" என்று பொருமினார். "போதகர் சாராயக்கடைக்குப் போகக் கூடாது. தன் சபைக்குள்ள பெண் எடுக்கக் கூடாது. கோபுரத்துல காத்துத் திசை காட்டுற தகரச் சேவலைத் தொடக் கூடாது."

"என் ஊரை ஒண்ணும் சொல்லாதீங்க. நான் பிறந்த மண்ணு."

"நீ ஒருத்திதான் இந்த ஊர்ல தேறினது."

லீதியா சிரிப்பை அடக்கிக்கொண்டாள். தன் வலக்கையை மேசைமேல் நீட்டினாள். அவர் இறுகப் பிடித்துக்கொண்டார்.

"மறுபடியும் தோத்தா தாங்க மாட்டேன், லீதியா."

"ஜெபம் பண்ணுங்க."

அவர் கண்ணை மூடினார். தினமும் சாப்பாட்டுக்கு முன் செய்கிற அதே ஜெபம்தான்: "ஆண்டவரே, அன்னைக்கு அந்தக் கறுப்புக்கொட்டையைப் போட்ட கையை மன்னியும்."

"ஆமென்!" என்றாள் லீதியா. எப்போதும்போல அவள் குரல்தான் உரக்க இருந்தது.

கதவு படாரென்று திறந்தது. அம்ப்ருஷ் மூச்சிரைக்க நின்றார், மீசையெல்லாம் சிரிப்பு.

"அத்தனையும் வெள்ளை, ஐயா! மருந்துக்குக்கூடக் கறுப்பு இல்ல! பானையைத் தலைகீழாக் கவுத்துப் பார்த்துட்டோம்!"

கெதெயோனுக்குக் கண் கலங்கிவிட்டது. பெருந்தன்மையாகத் தொண்டையைச் செருமினார்.

"அம்ப்ருஷ், நீங்க அன்னைக்குப் போட்ட கறுப்பை இப்பவே மன்னிச்சுட்டேன்."

"நானா?" அம்ப்ருஷ் திகைத்தார். "ஐயையோ, நான் வெள்ளையைத்தானே போட்டேன்! பைபிள் மேல சத்தியம்!"

"அப்புறம் எதுக்கு அந்தக் கொட்டாவி?"

"ராத்திரி முழுக்கப் பசு கன்னு போட்டுச்சுய்யா. இன்னைக்கும் அதே கதைதான், இது அதோட பேத்திக்குப் பேத்தி."

"நீங்க இல்லேன்னா வேற யாரு?" கெதெயோன் அதிர்ந்துபோனார். நாற்பது வருஷக் கோபம் திடீரென்று போக்கிடம் இல்லாமல் நின்றது.

"அந்த மனுஷரை விடுங்க, பாவம்" என்றாள் லீதியா. அவள் முகம் புதுப்பெண்ணுக்குப்போல் சிவந்திருந்தது. "அன்னைக்கு நீங்க பிரசங்கத்தை முடிக்கிறதுக்குள்ளேயே, கட்டினா உங்களைத்தான்னு முடிவு பண்ணிட்டேன். எங்க சபைக்கே போதகரா வந்திருந்தா எப்படிங்க என்னைக் கட்டியிருப்பீங்க? நீங்க தினமும் மன்னிக்கச் சொல்லி ஜெபம் பண்ற கை, இப்போ நீங்க பிடிச்சிருக்கீங்களே, இதுதான்!"