இருநூற்றொன்றாவது சுற்று

எட்டு டாங்கிகள் தலைநகரத்தின் வாசலில் வரிசையாக நின்றன.

தலைநகரம் அவன் மனைவியுடையது.

சாப்பாட்டு மேசை மேல் மடிக்கணினி. அதன் முன்னால் பனியனோடு அவன், தொழிலால் ஃபிரிட்ஜ் மெக்கானிக், மற்ற நேரங்களில் பேரரசன். மூன்றடி தள்ளி அவள் சுவரைப் பார்த்து உட்கார்ந்து துவைத்த துணிகளை மடித்துக்கொண்டிருந்தாள். ஒரே கணினியில் மாறி மாறி ஆடும்போது, ஒருவர் சுற்றில் மற்றவர் சுவரைப் பார்க்க வேண்டும். அது அந்த வீட்டுச் சட்டம். சட்டம் போட்டவன் அவன். அதை மீறி இரண்டு தடவை பிடிபட்டவனும் அவன்தான்.

“கழுத்து வலிக்குது சக்கரவர்த்தி. இன்னுமா படை கிளம்பல?”

“இரு, இரு. ராஜதந்திரத்துக்கெல்லாம் டைம் எடுக்கும்.”

சாயங்காலம் ஐந்து மணிக்குள் அவள் பதில் சொல்லியாக வேண்டும். ரயிலில் எட்டு மணி நேரம் தள்ளியிருந்த பெரிய மருத்துவமனை ஒன்று, ரத்தப் பரிசோதனைக் கூடத்துக்குத் தலைமை தாங்க அவளைக் கூப்பிட்டிருந்தது. அவனுக்கோ இந்தத் தெருவில் பதினோரு வருஷக் கடை. ‘உங்க இஷ்டம்’ என்று அவளும் ‘உன் இஷ்டம்’ என்று அவனும் ஒரு வாரம் மாற்றி மாற்றிச் சொன்னதில், கடைசியில் அந்த வார்த்தையைக் கேட்டாலே இருவருக்கும் பற்றிக்கொண்டு வந்தது.

அப்போதுதான் அவன் யோசனை சொன்னான். ஆட்டத்திலேயே தீர்த்துக்கொள்வோம். அவன் ஜெயித்தால் இங்கேயே. அவள் ஜெயித்தால் மூட்டை கட்ட வேண்டியதுதான்.

அவள் உடனே சரியென்றாள்.

பாவம் என்று நினைத்துக்கொண்டான். இந்த ஆட்டத்தில் அவன் தோற்று ஆறு வருஷம் ஆகிறது. எதிராளி பெரும்பாலும் கணினிதான் என்பது வேறு விஷயம்.

அவன் வியூகத்தில் பெரிய மர்மம் ஒன்றும் இல்லை. முதல் ஐம்பது சுற்றுக்குள் ஆற்றோரமாக ஐந்து ஊர். அதுவரை கோபுரம், தொங்கும் தோட்டம், உலக அதிசயம் என்று எதிலும் கை வைக்கக் கூடாது. அழகு பார்த்தவன் அடிவாங்குவான். இரும்பு எங்கே கிடைக்கிறதோ அங்கே கூப்பிடாத சம்பந்தி மாதிரி முதலில் போய் உட்கார்ந்துவிட வேண்டும். பக்கத்து நாட்டோடு சிரித்துப் பேசிக்கொண்டே மலைக் கணவாயில் ஒரு கோட்டை எழுப்ப வேண்டும். விஞ்ஞானத்தில் ஒரு படி முந்தியதும் சிரிப்பை நிறுத்திக்கொள்ளலாம்.

கம்பிரஸர் மாற்றும்போது வாடிக்கையாளர்களுக்கு இதையெல்லாம் இலவசமாகவே விளக்குவான். யாரும் கேட்டதில்லை.

அவளோ நூலகம் கட்டினாள். பிறகு பல்கலைக்கழகம். பிறகு இன்னொரு நூலகம். நூற்று நாற்பதாவது சுற்றில் அவளுடைய மூன்று ஊர்களை அவன் பிடித்தபோதுகூட, “அங்க நல்ல லைப்ரரி ஒண்ணு இருக்கு, இடிச்சுடாதீங்க” என்று மட்டும் சொன்னாள்.

இடிக்கவில்லை. பேரரசனுக்கும் பெருந்தன்மை உண்டு.

இப்போது தலைநகரம் மட்டும் பாக்கி. அதுவும் விழுந்தால் ஆட்டம் அவனுடையது. அடிப்பதற்கு முன் ஒற்றனை உள்ளே அனுப்பிப் பார்ப்பது அவன் வழக்கம். எட்டு டாங்கிகள் இருக்கும்போது அதற்கு அவசியமே இல்லை. இருந்தாலும் தொழில் சுத்தம் வேண்டாமா?

ஒற்றனின் அறிக்கை திரையில் விரிந்தது.

மதில்: இல்லை.

காவல்: வில்வீரன், ஒருவன். முதல் சுற்றில் பிறந்தவன். இத்தனை ஆயிரம் வருஷத்துக்குப் பிறகும் ஓய்வு கொடுக்காமல் வேலை வாங்கிக்கொண்டிருந்தாள்.

அவனுக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. ஒரே அடி. காபி ஆறுவதற்குள் முடிந்துவிடும்.

அறிக்கையில் இன்னும் ஒரு வரி இருந்தது.

விண்கலம்: தயார். பணி முடிந்த சுற்று: 188. ஏவும் கட்டளைக்குக் காத்திருக்கிறது.

திரையின் மூலையைப் பார்த்தான். சுற்று 201.

விண்கலத்தை முதலில் ஏவுகிற நாடு ஜெயிக்கும். அதற்குப் படை வேண்டாம், பீரங்கி வேண்டாம். ஒரே ஒரு பொத்தான்.

கவனிக்காமல் விட்டிருப்பாளோ?

மிக்ஸி வாங்கினால் அதன் கையேட்டை, உத்தரவாதச் சீட்டின் பொடி எழுத்துவரை படித்துவிட்டுத்தான் பிளக்கைச் செருகுபவள். அவளா கவனிக்காமல் விடுவாள்? பதின்மூன்று தடவை கணினி அவள் கைக்குப் போயிருக்கிறது. பதின்மூன்று தடவையும் அந்தப் பொத்தானைப் பார்த்திருக்கிறாள். பதின்மூன்று தடவையும் எங்கோ ஒரு வயலைத் திருத்தி, எங்கோ ஒரு சாலையைப் போட்டுவிட்டு, “உங்க சுற்று” என்று கணினியை அவன் பக்கம் தள்ளியிருக்கிறாள்.

அந்தப் பதின்மூன்று சுற்றும் அவன் விசிலடித்துக்கொண்டு டாங்கி செய்துகொண்டிருந்தான்.

“ஏய், ராக்கெட் ரெடியாத்தானே இருக்கு?” என்றான். “ஏன் விடல?”

துணி மடித்துக்கொண்டிருந்த கை நின்றது. ஆனாலும் அவள் திரும்பவில்லை. சட்டம் சட்டம்தான்.

“நீங்களும் ஏறுவீங்களான்னு தெரியல.”

அவன் எட்டு டாங்கிகளையும் ஒருமுறை பார்த்தான். நல்ல வண்டிகள். எண்ணெய்க் கிணற்றுக்காக இரண்டு யுத்தம் நடத்திச் சேர்த்தவை.

பிறகு, எத்தனையோ நகரங்களைப் பிடித்த அதே தெம்போடு, ஒரு குண்டுகூடச் சுடாமல் ‘சுற்றை முடி’ என்ற பொத்தானை அழுத்தினான். கணினியை அவள் பக்கம் தள்ளினான்.

“ம், திரும்பு. அந்த ஊர்லயும் ஃபிரிட்ஜ் ரிப்பேர் ஆகும்ல?”