அகப்பைக் காம்பு

உத்தமபாளையம் கோர்ட்டில் இருந்து வந்த சம்மனைப் பிச்சையம்மாள் வக்கீல் மேசைமேல் போட்டாள்.

“மருமகளை நான் கொடுமைப்படுத்துனேனாம். பூராவும் பொய்யிங்கய்யா. இதை ரத்துப் பண்ணிக் குடுங்க.”

வக்கீல் சுந்தரலிங்கம் புகாரைப் படித்தார். “கொழம்புல உப்புக் கூடிருச்சுன்னு அகப்பைக் காம்பால அடிச்சீக, ரெண்டு நாள் பட்டினி போட்டீகன்னு எழுதிருக்கே?”

“எங்க வீட்டுல அகப்பையே கெடையாது. எல்லாம் சில்வர் கரண்டிதான்.”

“பொய்யின்னு கோர்ட்டுல காட்ட ஏதாச்சும் வேணுமேம்மா.”

அவளுக்குத் தெம்பு வந்தது. மயிலாடும்பாறையிலிருந்து பஸ்ஸில் மடியைவிட்டு இறக்காமல் கொண்டுவந்த பையிலிருந்து ஒரு பழைய காகிதத்தை எடுத்து நீட்டினாள். “இந்தா பாருங்க. இதைத்தான் எழுத்து மாறாமக் காப்பியடிச்சிருக்கா!”

வக்கீல் இரண்டையும் ஒப்பிட்டார். அதே உப்பு, அதே அகப்பை, அதே பட்டினி.

“இது யாரு குடுத்த புகாரு?”

“எம் மக மகாலட்சுமி போன வருசம் அவ மாமியா மேல குடுத்தது. நான் சொல்லச் சொல்ல இந்த மருமகதான் எழுதுனா.”

வக்கீல் கண்ணாடியைக் கழற்றினார்.

“மகாலட்சுமியோட மாமியா வீட்டுல அகப்பை இருக்கா?”

பிச்சையம்மாள் பழைய காகிதத்தை மட்டும் மடித்துப் பைக்குள் வைத்துக்கொண்டாள்.