காலியாகக் கிடந்த நுண்ணோக்கி

"ஒருத்தர் மேல கோபம் வந்தா, முதல்ல..." என்று அட்டவணைக்காரரின் பெரியப்பா ஏதோ சொல்வார். முதலில் தண்ணீர் குடிக்கச் சொன்னாரா, செருப்பை மாட்டிக்கொண்டு வெளியே போகச் சொன்னாரா? ஞாபகம் இல்லை.

இரண்டையும் செய்துவிட்டு அட்டவணைக்காரர் நுண்ணோக்கி அறைக்கு நடந்தார்.

ஆராய்ச்சி நிலையத்துக்கே பெரிய நுண்ணோக்கி அது ஒன்றுதான். யார் எப்போது அதைத் தொடலாம் என்று கணினி நிரல் எழுதியவர் அவர். அட்டவணைக்காரர் என்ற பட்டப்பெயர் வந்ததும் அதனால்தான். கருவி ஒரு நொடிகூடச் சும்மா இருக்கக்கூடாது, அதுதான் அவருடைய ஆராய்ச்சி. நேரம் பதிந்துவிட்டு வராதவருக்குப் புள்ளி குறையும். புள்ளி தீர்ந்தால் அந்தப் பக்கம் தலைவைத்துப் படுக்க முடியாது.

காலை நேரத்தை, நுண்ணோக்கிப் படங்களை ஆராயும் படக்காரர் தினமும் பதிந்துவிட்டு, பாதி நாட்கள் காலியாகப் போடுகிறாராம். பழைய ஆள், புள்ளிக்குப் பஞ்சமில்லை.

"மத்தவங்க காத்துக் கிடக்கறாங்க, இவர் துண்டு போட்டு இடம் பிடிக்கிறாரு" என்று இயக்குநர் குதித்திருந்தார். "அவரோட வேலை நீட்டிப்பு என் மேஜைலதான் இருக்கு. நீங்க பார்த்துட்டு 'ஆமா'ன்னு ஒரு வார்த்தை சொல்லுங்க, நிறுத்திடறேன்."

அறை இருட்டாக இருந்தது. கருவி உறை மாட்டியபடியே. வெளியே பெஞ்சில் படக்காரர் காலாட்டிக்கொண்டு டீ குடித்துக்கொண்டிருந்தார்.

"உள்ள போகலையா?"

"போகணும்."

"எப்போ?"

"போகும்போது."

அட்டவணைக்காரர் பல்லைக் கடித்தார். "மங்கலான படத்துல எது உயிரணு, எது தூசின்னு கணக்குப் போடறதுதானே உங்க வேலை? அதுக்குப் பழைய படமே போதுமே?"

"தாராளமாப் போதும்."

"அப்புறம் உங்களுக்கு நுண்ணோக்கி எதுக்கு?"

"எனக்கா? எதுக்கு?" என்று அவரே திருப்பிக் கேட்டார்.

அட்டவணைக்காரருக்குத் தலை சுற்றியது. வேண்டாத பொருளுக்கு எவனாவது இடம் பிடிப்பானா? பிடித்தவன் இப்படியா ஒத்துக்கொள்வான்?

தடதடவென்று சத்தம். சேறு அப்பிய பூட்ஸோடு, ஒரு பிளாஸ்க்கை மார்போடு அணைத்தபடி, மாட்டு டாக்டர் ஓடிவந்தாள். பால்மாட்டு உயிரணுக்களை ஆராய்கிறவள்.

"அண்ணா! கறுப்பிக்கு மடி வீங்கிடுச்சு!"

சந்தோஷமாகச் சொல்கிற செய்தியா இது? அட்டவணைக்காரருக்கு மேலும் குழம்பியது. அவரைக் கண்டதும் அவள் சிலையாகிவிட்டாள்.

"நிக்காதம்மா, பால்ல இருக்கிறதெல்லாம் செத்துடும். உள்ள போ" என்றார் படக்காரர். அவள் ஓடினாள்.

"அவங்க பேர்லயே பதிஞ்சுக்கலாமே?"

"அவளும் பதிஞ்சா. நோவு வந்த மாட்டுப் பால்தான் அவளுக்கு வேணும், அன்னிக்கு ஒரு மாட்டுக்கும் நோவு இல்லை. புள்ளி போச்சு. மறுபடி பதிஞ்சா. எல்லாம் குத்துக்கல்லாட்டம் நின்னுது. இன்னொரு தடவை தவறினா கருவி பூட்டிக்கும், அவ ஆராய்ச்சியும் அதோட சரி. எந்த மாட்டுக்கு என்னிக்கு மடி வீங்கும்னு முன்கூட்டியே பதிய முடியுமா? நீங்களே சொல்லுங்க."

"என்கிட்ட கேட்டிருக்கலாமே?"

"கேட்டாளே! விதிவிலக்கே கிடையாதுன்னு நீங்கதானே சொல்லி அனுப்பினீங்க?"

அனுப்பியிருந்தார்தான். எந்த மாடு, என்ன மடி என்று காதில்கூடப் போட்டுக்கொள்ளாமல்.

செல்போன் அடித்தது. இயக்குநர்.

"என்ன, காலியாத்தானே கிடந்துது?"

"காலியாத்தான் கிடந்துது சார்."

"நான்தான் சொன்னேனே! அப்போ தப்பு அவர் மேலதானே?"

உள்ளேயிருந்து "அப்பாடா, உயிரோட இருக்கு!" என்று குரல் கேட்டது.

"இல்ல சார். தப்பு என் நிரல்ல. அவர் வேலையை நீட்டிச்சிடுங்க."

போனை வைத்தார். காலியாகப் போடுவதற்கென்றே மறுநாள் காலை நேரத்தைத் தன் பெயரில் பதிந்தார்.