ரெனே என்று எழுதுங்கள்

கிட்ட வந்து உட்காருங்கள் கண்ணுகளா. ஒரு பெயரின் கதை சொல்கிறேன், கேட்டுவிட்டு உங்கள் வேலையைப் பார்க்கப் போகலாம்.

பிறப்புப் பதிவு அலுவலகம் மூட இன்னும் பத்து நிமிடம் இருந்தது. கவுன்ட்டரில் இருந்த பதிவாளரம்மா, ரப்பர் முத்திரையை ஓசைப்படாமல் மேசை இழுப்பறைக்குள் தள்ளினார். பிறகு, முத்திரையைக் காணோமே என்றார்.

எதிரே நின்ற தகப்பனுக்குச் சுருக்கென்றது. குழந்தைக்குப் பெயர் சேர்க்க அன்றுதான் கடைசி நாள். ஏதோ எதிர்பார்க்கிறார் போலிருக்கிறது என்று அவன் கை சட்டைப்பைக்குப் போனது.

"கையை எடுங்க. அதுக்கு இல்ல."

பதிவாளரம்மா படிவத்தைப் படித்தபடியே கழுத்தில் தொங்கிய அடையாள அட்டையைத் திருகிக்கொண்டிருந்தார். அது பின்பக்கம் திரும்பி வெறும் வெள்ளையாகக் கிடந்தது. படிவத்தில் இருந்த பெயர் ரெனே. பிரசவ வார்டு நர்ஸ் சொல்லிக் கொடுத்த பிரெஞ்சுப் பெயர்.

"அர்த்தம் தெரிஞ்சுதான் வைக்கிறீங்களா?"

"மறுபடி பிறந்தவள். அதுக்காகத்தான் வைக்கிறேன்."

போன வருடம் காய்ச்சலில் போன மூத்தவளே திரும்பி வந்துவிட்டாள் என்றான். தாய் அவன் பக்கத்தில் நின்றிருந்தாள். அவள் தோளில் கிடந்த கைக்குழந்தைக்கு மூத்தவளின் சட்டை. கைகளை நாலு மடிப்பு மடித்துவிட்டும் விரல் வெளியே தெரியவில்லை.

அது லத்தீனிலிருந்து வந்த பெயர், ஞானஸ்நானத்தில் ஆன்மா புதிதாய்ப் பிறக்கிறது என்று நம்பி அந்தக் காலத்தில் வைத்தது என்றார் பதிவாளரம்மா. பிள்ளையைப் பறிகொடுத்தவர்கள் சிலர் அதை வேறு மாதிரி எடுத்துக்கொண்டார்கள் என்றும் சொன்னார்.

"எனக்குத் தெரிஞ்ச ஒரு வீட்டுல அடுத்துப் பிறந்தவளுக்கு அப்படித்தான் இந்தப் பேரை வச்சாங்க. அக்கா சட்டை, அக்கா செருப்பு, அக்கா உட்கார்ந்த நாற்காலி. அக்கா போனது அஞ்சு வயசுல. இவளுக்கு ஆறு பிறந்த அன்னிக்கு அந்தச் சட்டை பத்தல. அவ அம்மா கதவைச் சாத்திக்கிட்டு அழுதாங்க. இவ வெளியில நின்னு, இனிமே வளர மாட்டேம்மான்னு சத்தியம் பண்ணினா."

கடிகாரத்தில் மூன்று நிமிடம்தான் மிச்சம். என் பிள்ளை, என் இஷ்டம், முத்திரையைத் தேடி எடுங்கள் என்று தகப்பன் குரலை உயர்த்தினான்.

அப்போதுதான் தாய் பேசினாள். "பெரியவ தூங்குமூஞ்சிங்க. இவ விரலைப் பிடிச்சா விடவே மாட்டா. இவ வேறங்க."

அவன் மனைவியைப் பார்த்தான். குழந்தையின் சட்டைக் கையை மெல்ல மேலே ஏற்றினான். வெளியே வந்த பிஞ்சு விரல்கள் அவன் கட்டைவிரலைக் கப்பென்று பிடித்துக்கொண்டன. மற்றக் கையால் படிவத்தில் ரெனே என்ற பெயரை அடித்துவிட்டுப் பேனாவை மனைவியிடம் நீட்டினான். அவள் இதுவரை அவர்கள் வீட்டில் யாருக்கும் இல்லாத ஒரு பெயரை எழுதினாள்.

முத்திரை இழுப்பறையிலிருந்து வந்து 'டப்'பென்று விழுந்தது.

வாசல்வரை போன தாய் திரும்பி நின்றாள். "அந்தப் பொண்ணு இப்ப எப்படி இருக்கா மேடம்?"

பதிவாளரம்மா கழுத்து அட்டையை நேராகத் திருப்பிவிட்டார்.

"வளர்ந்துட்டேம்மா."

உங்கள் வீட்டுப் பிள்ளைகளும் அவரவர் சட்டையில், அவரவர் பெயரில் நெடுநாள் வளரட்டும்.